அம்மிப் பல்லும் உறவுமுறையும்: ஒரு சுறா வகைப்பாட்டின் வரலாறு

அருப்புக்கோட்டை, திருச்சுழிப் பக்கத்துக் கரிசல் வீடுகளில் சுறா என்றதும் நினைவுக்கு வருவது பிள்ளை பெற்றவளுக்குச் செய்து கொடுக்கும் பால்சுறாப் புட்டு. அவித்துத் தோலை உரித்து, சதையை உதிர்த்து, பூண்டு நிறையப் போட்டு வதக்குவார்கள்; தாய்க்குப் பால் ஊறும் என்பது நம்பிக்கை. பால்சுறா குட்டி போடும் இனம். ஆனால் திருச்சுழியைத் தொட்டு ஓடும் குண்டாறு போய்ச் சேரும் மன்னார் வளைகுடாவில், கடல்தரையில் முட்டையிட்டு வாழும் மூங்கில் சுறாக்களும் உண்டு.

முட்டையிடும் சுறாக்களிலேயே விசித்திரமானது எருதுத்தலைச் சுறா. கண்ணுக்கு மேல் மேடிட்ட புருவம், முதுகின் இரு துடுப்புகளுக்கும் முன்னால் ஒவ்வொரு முள், பெரும்பாலும் ஒன்றரை மீட்டரைத் தாண்டாத உடல். பகலில் பாறை இடுக்கில் ஒதுங்கி, இரவில் கடல்முள்ளெலி, நண்டு, சிப்பி தேடும். இதன் முட்டைக்கூடு திருகாணி போல மரை சுற்றியது. ஆஸ்திரேலியாவின் போர்ட் ஜாக்சன் சுறா அதை வாயில் கவ்விச் சென்று பாறைப் பிளவில் செருகிவைப்பதுண்டு. குஞ்சு வெளிவரப் பத்து மாதத்துக்கு மேலாகும். இன்று அறியப்பட்டவை ஏறத்தாழ 10 இனங்கள். நமக்கு மேற்கே, ஓமன் கரையில் வாழும் இனத்துக்கு 2005-ல்தான் பெயர் கிடைத்தது.

போர்ட் ஜாக்சன் சுறாவுக்கு 1793-ல் மேயர் அறிவியல் பெயரிட்டார். 1816-ல் பிளான்வில் இந்தப் பேரினத்தை ஹெட்டரோடோண்டஸ், அதாவது 'வேறுபட்ட பல்லுடையது' என்றார். முன்வாயில் பற்றிப் பிடிக்கும் கூர்ப்பல், பின்வாயில் ஓட்டை நொறுக்கும் தட்டைப்பல். இந்தத் தட்டைப்பல்தான் பின்னால் பெரிய குழப்பத்துக்கு வழிவிட்டது.

ஐரோப்பியச் சுண்ணப்பாறைகளில் சதுர வடிவில், மேலே குறுக்குவரிகளோடு பற்கள் கிடைத்துக்கொண்டிருந்தன. புதிதாகக் கொத்திய அம்மியைப் பார்த்தவர்களுக்கு அந்த வரிகள் எப்படியிருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. 1830-களில் லூயி அகாசி அவற்றுக்கு டைக்கோடஸ் என்று பெயரிட்டு, எருதுத்தலைச் சுறாவின் கூட்டத்தில் சேர்த்தார். நொறுக்கும் பல் இரண்டுக்கும் பொது என்பதே அடிப்படை. 1887-ல் ஆர்தர் ஸ்மித் உட்வர்ட் அதை மறுத்து, திருக்கை மீன்களின் பக்கம் நகர்த்தினார். அவர் கையிலும் இருந்தவை பற்கள்தான். சுறாவின் எலும்புக்கூடு குருத்தெலும்பு, பெரும்பாலும் மக்கிப்போகும். உடலைக் காணாமல் பல்லை மட்டும் வைத்து உறவு சொன்னதால்தான் வழக்கு இத்தனை காலம் நீடித்தது என்பது என் கணிப்பு.

இதில் தமிழ்நாட்டுக்கும் பங்குண்டு. அருப்புக்கோட்டைக் கரிசலுக்கு அடியில் இருப்பது வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறிய பழம்பாறை. அங்கே சுறாப்பல் தேடிப் பயனில்லை. வடக்கே பெரம்பலூர் மாவட்டத்துக் காரையில், இதேபோல் வெயில் காயும் பொட்டல்காட்டில், ஏறத்தாழ 10 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய கடல்தரை வெளியே தெரிகிறது. மழைநீர் அரித்த செம்மண் ஓடைகளில் குனிந்து பார்த்தால் சுருள் ஓட்டு அம்மோனைட்டுகள் கண்ணில் படும். அந்தப் படிவத்திலிருந்து டைக்கோடஸ் டெகுரென்ஸ் என்னும் இனத்தின் பற்களைப் பற்றிய ஆய்வு 2012-ல் வெளியானது. அப்போதும் இந்த விலங்கின் உடல்வடிவம் ஊகமாகவே இருந்தது. தரையோடு ஊர்ந்து சிப்பி நொறுக்கியது என்ற எண்ணமே பரவலாக இருந்தது.

2024-ல் அது மாறியது. வடகிழக்கு மெக்சிகோவின் வல்லெசில்லோவில் கிடைத்த, உடல்வரை முழுதாகப் பதிந்த படிவங்களை ரோமேன் வுல்லோவும் உடன் ஆய்வாளர்களும் வெளியிட்டார்கள். அவற்றில் தெரிந்தது வேகமாக நீந்துவதற்கு ஏற்ற உடல். பெருவெள்ளைச் சுறா அடங்கிய வரிசையைச் சேர்ந்தது. எருதுத்தலைச் சுறாவின் முதுகுமுள் அதற்கு இல்லை. அம்மிப்பல் இரு வம்சங்களிலும் தனித்தனியே உருவானது.

அது நடுக்கடலில் ஆமைகளையும் அம்மோனைட்டுகளையும் துரத்தியிருக்கலாம் என்கிறார்கள் அந்த ஆய்வாளர்கள். காரை ஓடைகளில் அந்தப் பற்களும் அம்மோனைட் ஓடுகளும் ஒரே மண்ணில்தான் கிடக்கின்றன.