கடற்கரை மணலும் அணுமின் ஆற்றலும்



1904ஆம் ஆண்டில் எமது நாட்டின் சபரகமுவ மாகாணத்திலே, இரத்தினக்கல் அகழும் நிலத்தில், புதிய கனிப்பொருளொன்று கண்டறியப்பெற்றது. கறுத்த நிறமும் கையிலெடுத்தால் வியக்கத்தக்க கனமும் உடைய சிறு துண்டுகளாக அது கிடைத்தது. அதனைக் கண்டறிந்தவர், அக்காலத்தில் இலங்கையின் கனிப்பொருள் ஆய்வுப் பணிக்குத் தலைமை வகித்த ஆனந்த குமாரசுவாமி அவர்கள். கலைத்துறை அறிஞராக உலகம் போற்றும் அப்பெரியார் தம் இளமைக்காலத்தில் மண்ணையும் கல்லையும் ஆராய்ந்த விஞ்ஞானி என்பதை நம்மிற் பலர் அறியார். அக்கனிப்பொருளில் தோரியம் என்னும் மூலகம் மிகுந்திருந்தமையால், அதற்குத் தோரியனைற்று என்று பெயரிட்டனர்.

அதே தோரியம், கடலுக்கு அப்பால், இந்தியாவின் தென்கோடிக் கரையிலே மணலோடு மணலாகக் கலந்து கிடக்கின்றது. அம்மணலை நம்பி ஒரு பெருநாடு வகுத்த மின்சாரத் திட்டத்தின் வரலாற்றையே இன்று உங்களுக்குக் கூற விழைகின்றேன். நிலத்திலே ஒரு பொருள் கிடைப்பது வேறு. அப்பொருள் நாட்டுக்கு ஆற்றலாக மாறுவது வேறு. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட தூரத்தை இவ்வரலாறு நமக்கு அளந்து காட்டும்.

1909ஆம் ஆண்டில் சோம்பேர்க்கு என்னும் ஜேர்மானியர் ஒருவர், திருவிதாங்கூரிலிருந்து ஏற்றுமதியான தென்னங்கயிற்றிலே ஒட்டியிருந்த மணலைக் கண்டு ஐயுற்றார். அம்மணலின் பிறப்பிடத்தைத் தேடிச் சென்றவர் மணவாளக்குறிச்சியை அடைந்தார். அங்கே மொனசைற்று என்னும் கனிமம் குவிந்து கிடந்தது. அதில் 100க்கு 8 முதல் 10 பங்குவரை தோரியம் உண்டு. அந்நாளில் தோரியம் வேண்டப்பட்டது விளக்கு வலைகளுக்காகவே. திருமண வீடுகளிலும் கோயில் திருவிழாக்களிலும் வெண்ணிற ஒளி வீசிய பெற்றோமக்ஸ் விளக்கின் வலை தோரியத்தில் தோய்த்தெடுக்கப்பட்டதே. ஆகவே, தென்கரை மணல் மேல்நாடுகளுக்குக் கப்பலேறியது. அங்கே வலையாக உருமாறி ஒளி தந்தது. மணலை விற்ற நாடோ இருளில் இருந்தது.

அதே 1909ஆம் ஆண்டிலே பம்பாயில் ஒரு குழந்தை பிறந்தது. ஹோமி பாபா என்பது அக்குழந்தையின் பெயர். கேம்பிரிட்ஜில் பௌதிகவியல் கற்று விஞ்ஞானியாகத் திரும்பிய பாபா, 1944ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் டாட்டா அறநிலையத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். ஆராய்ச்சி நிலையமொன்று நிறுவ உதவி கோரிய கடிதம் அது. இன்னும் இருபது ஆண்டுகளில் அணுவிலிருந்து மின்சாரம் பெறும் காலம் வரக்கூடும் என்றும், அக்காலம் வரும்போது இந்தியா வல்லுநர்களைத் தேடிப் பிறநாடு செல்லாமல் தன் மனையிலேயே காணவேண்டும் என்றும் அவர் அதிலே கருதினார். ஹிரோஷிமாவில் அணுகுண்டு வீழ்ந்தது 1945 ஓகஸ்டில். உலகம் அணுவின் பெயரைக் கேட்டு நடுங்குவதற்கு ஓராண்டுக்கு மேல் முன்னரே, அதனை விளக்கேற்றும் கருவியாக அவர் எண்ணிப் பார்த்தார்.

அந்நாளைய இந்தியாவின் நிலையையும் நாம் நினைத்துப் பார்த்தல் வேண்டும். விடுதலை பெற்ற 1947ஆம் ஆண்டில் அந்நாடு முழுவதிலும் இருந்த மின் ஆக்க வலு 1,362 மெகாவாற்று மட்டுமே. முப்பது கோடிக்கு மேற்பட்ட மக்களுக்கு இது எம்மட்டு? நிலக்கரியோ பெரும்பாலும் பீகாரிலும் வங்காளத்திலும் கிடைத்தது. அதனை மேற்கிலும் தெற்கிலுமுள்ள ஆலைகளுக்குப் புகையிரதத்தில் நெடுந்தூரம் சுமந்து செல்ல வேண்டியிருந்தது. இந்நிலையில், 1948ஆம் ஆண்டில் அணுசக்தி ஆணைக்குழு அமைக்கப்பட்டது. பாபா அதற்குத் தலைவரானார். தமிழ்நாட்டில் பிறந்த பௌதிக அறிஞர் கே. எஸ். கிருஷ்ணன் அதன் உறுப்பினருள் ஒருவர். 1952இல் ஆலுவாயில் மொனசைற்றைப் பிரித்தெடுக்கும் ஆலை இயங்கத் தொடங்கியது.

ஆனால், தோரியத்தை அப்படியே உலையிலிட்டு எரித்தல் இயலாது. பால் எவ்வளவு இருப்பினும் உறைமோர் இன்றித் தயிர் ஆவதில்லை அன்றோ? தோரியமும் அத்தகையதே. அது தானாகப் பிளவுறாது. நியூத்திரன் என்னும் துணிக்கையை ஏற்று, யுரேனியம்-233 என்னும் பிறிதொரு பொருளாக மாறிய பின்னரே பிளவுற்று வெப்பம் தரும். அந்நியூத்திரனைத் தருவதற்கு முன்னதாகவே வேறோர் எரிபொருள் வேண்டும். இயற்கை யுரேனியத்திலோ, ஆயிரம் அணுக்களில் ஏழே எளிதிற் பிளவுறுவன. இந்தியாவில் யுரேனியம் குறைவு, தோரியம் மிகுதி. இருப்பதைக் கொண்டு இல்லாததை ஈடுசெய்ய 1954ஆம் ஆண்டளவில் பாபா மூன்று படிகள் கொண்ட திட்டமொன்றை வகுத்துரைத்தார். முதற்படியில், இயற்கை யுரேனியத்தைக் கனநீர் உலைகளில் இட்டு மின்சாரம் பெறுவர். எஞ்சும் எரிபொருளிலிருந்து புளூத்தோனியத்தைப் பிரிப்பர். இரண்டாம் படியில், அப்புளூத்தோனியத்தை வேக உலைகளில் இடுவர். அவ்வுலைகள் தாம் எரிப்பதினும் மிகுதியாக எரிபொருளை ஈனும் இயல்பின. மூன்றாம் படியிலேதான் தோரியத்தின் முறை வரும்.

தொடக்கம் விரைவாகவே அமைந்தது. 1956 ஓகஸ்டு 4ஆம் நாள் பம்பாயை அடுத்த திராம்பேயில் அப்சரா என்னும் ஆராய்ச்சி உலை இயங்கத் தொடங்கியது. உலையை இந்தியர் அமைத்தனர்; எரிபொருள் பிரித்தானியாவிலிருந்து வந்தது. 1960இல் கனடாவின் உதவியோடு 40 மெகாவாற்று வெப்பவலுவுடைய சைரஸ் உலை எழுந்தது. அதற்குக் கனநீர் அமெரிக்கா தந்தது. 1963இல் அமெரிக்காவுடன் உடன்படிக்கை செய்து, பம்பாய்க்கு வடக்கே தாராப்பூரில் முதலாவது அணுமின் நிலையத்தை அமைக்க முற்பட்டனர். 1969இல் அதன் இரு உலைகளும் மின்சாரம் வழங்கத் தொடங்கின. ஆனால் அதனைக் காணப் பாபா உயிரோடிருக்கவில்லை. 1966 ஜனவரி 24ஆம் நாள், அல்ப்ஸ் மலைத்தொடரில் மொன்ற் பிளாங்குச் சிகரத்தருகே நேர்ந்த விமான விபத்தில் அவர் உயிர்நீத்தார்.

தாராப்பூரில் ஒரு பெருங்குறை இருந்தது. அவ்வுலைகளுக்குச் செறிவூட்டிய யுரேனியம் வேண்டும். அதனை ஆக்கும் ஆற்றல் அந்நாளில் இந்தியாவிடம் இல்லை. அமெரிக்காவே அனுப்ப வேண்டும். விளக்கு இங்கே, எண்ணெயோ பிறர் கையில். 1974 மே 18ஆம் நாள் இராஜஸ்தான் பாலைவனத்துப் பொக்ரானில் இந்தியா நிலத்தடியில் அணுவெடிப்பொன்றை நிகழ்த்திற்று. சைரஸ் உலையிற் பெற்ற புளூத்தோனியமே அதற்குப் பயன்பட்டது. இது அமைதி நோக்கமுடையது என்று இந்திய அரசு கூறியது. மின்சாரத்துக்கும் ஆராய்ச்சிக்கும் என்று தாம் தந்த உதவி வெடிப்புக்குப் பயன்பட்டதாகக் கருதிய கனடா, தன் ஒத்துழைப்பை நிறுத்தியது. 1978இல் அமெரிக்கா இயற்றிய புதிய சட்டம் தாராப்பூருக்கு எரிபொருள் வரும் வழியையும் அடைத்தது. பின்னர் 1982இல் பிரான்சு எரிபொருள் வழங்க இணங்கியது. அதன் பின் சீனாவும் இரஷ்யாவும் வெவ்வேறு காலங்களில் வழங்கின. ஒரு மின் நிலையம் அணையாதிருக்க, ஒரு நாடு எத்தனை வாயில்களில் நிற்க நேர்ந்தது என்பதை நேயர்கள் உணர்வீர்கள்.

இவ்விடத்திலேதான் பாபாவின் 1944ஆம் ஆண்டுக் கடிதத்தின் பொருள் விளங்கிற்று. இராஜஸ்தானில் கனடாவின் துணையோடு கட்டிய முதல் உலை 1973இல் இயங்கத் தொடங்கியிருந்தது. இரண்டாவது உலை அரைகுறையாக நின்றது. பொறியியலாளர் பலரைத் திராம்பேப் பயிற்சிக்கூடம் முன்னரே உருவாக்கியிருந்தமையால், அவர்கள் அப்பணியை ஏற்று 1981இல் முடித்தனர். கனநீருக்காகப் பரோடா, தூத்துக்குடி முதலிய இடங்களில் ஆலைகள் எழுந்தன. பரோடா ஆலையில் 1977இல் நேர்ந்த வெடிவிபத்து அம்முயற்சியைப் பின்தள்ளிற்று. சென்னைக்குத் தெற்கே கல்பாக்கத்தில் 1971இல் கட்டத் தொடங்கிய உலை, 1983 ஜூலையில் இயங்கியது. பிறநாட்டு ஒப்பந்தக்காரர் எவருமின்றி இந்தியர் தாமே கட்டிய முதல் அணுமின் நிலையம் அது. பன்னிரண்டு ஆண்டுகள் என்பது நீண்ட காலமே. ஆயினும், அக்காலத்தில் அவர்கள் கற்ற தொழில் பிறகு எவராலும் பறிக்கப்படவில்லை.

எனினும், தன்முயற்சிக்கும் ஒரு விலை உண்டு. 2000ஆம் ஆண்டுக்குள் 10,000 மெகாவாற்று அணுமின்சாரம் பெறுதல் வேண்டும் என்று முன்னர் இலக்கு வகுத்திருந்தனர். அவ்வாண்டு வந்தபோது இருந்தது 3,000 மெகாவாற்றுக்கும் குறைவே. பின்னர் உள்நாட்டு யுரேனியம் போதாமையால், கட்டிய உலைகள்கூட முழு வலுவில் இயங்க இயலாத நிலை ஏற்பட்டது. 2008இல் உலக நாடுகளோடு புதிய உடன்பாடு ஏற்பட்ட பின்னரே வெளிநாட்டு யுரேனியம் தாராளமாக வந்தது. 2024ஆம் ஆண்டின் இறுதியில் இந்தியாவின் அணுமின் ஆக்க வலு 8,180 மெகாவாற்றாக இருந்தது. அந்நாட்டின் மொத்த மின்சாரத்தில் இது 100க்கு ஏறக்குறைய 3 பங்கே.

நாம் மறக்கக்கூடாத மற்றொரு பக்கமும் உண்டு. 1988இல் சோவியத்து ஒன்றியத்தோடு செய்த உடன்படிக்கையின்படி கூடங்குளத்தில் இரு பேருலைகள் அமைக்கத் திட்டமிட்டனர். அவ்வொன்றியம் 1991இல் கலைந்தமையால், கட்டடப்பணி 2002இலேயே தொடங்கிற்று. 2011இல் யப்பானின் புக்குஷிமாவில் ஆழிப்பேரலையால் அணு உலைகள் சிதைந்த செய்தி பரவியதும், கூடங்குளத்தை அடுத்த இடிந்தகரை மீனவ மக்கள் பெரும் போராட்டம் நிகழ்த்தினர். 2004 டிசெம்பரில் அதே கடல் தம் கரைகளில் ஏறியதைக் கண்டவர்கள் அவர்கள். அன்று கல்பாக்கத்திலும் கடல்நீர் புகுந்தது; உலை பாதுகாப்பாக நிறுத்தப்பட்டது; ஆனால் கரையோரத்தில் வாழ்ந்தோர் பலர் மாண்டனர். நகரத்து ஆலைக்கு ஒளி வேண்டும். கரையிலிருப்பவனுக்குக் கடல் வேண்டும். மீனவரின் அச்சத்தை அறியாமை என்று ஒதுக்குவோர், அந்த இழப்பை அறியாதவரே. 2013 மே மாதத்தில் இந்திய உயர்நீதிமன்றம் பாதுகாப்பு நிபந்தனைகளோடு அந்நிலையத்தை அனுமதித்தது. அவ்வாண்டிலேயே முதல் உலை இயங்கத் தொடங்கியது.

அவ்வாறாயின், மணவாளக்குறிச்சி மணல் என்னவாயிற்று? கல்பாக்கத்தில் 1985இல் சிறியதொரு வேகச் சோதனை உலை இயங்கியது. 1996இல் அவ்விடத்திலேயே காமினி என்னும் ஆராய்ச்சி உலை, தோரியத்திலிருந்து பெற்ற யுரேனியம்-233ஐ எரிபொருளாகக் கொண்டு இயங்கிற்று. அதன் வலு 30 கிலோவாற்று மட்டுமே. 500 மெகாவாற்று வேக உலையொன்றை 2004இல் அங்கு கட்டத் தொடங்கினர். அதன் உலைக்கருவை நிரப்பும் பணி 2024 மார்ச்சிலேதான் தொடங்கிற்று. இருபது ஆண்டுகள் கழிந்தும் இரண்டாம் படியின் வாயிலிலேயே நின்றனர்.

கயிற்றில் ஒட்டிய மணலை ஒருவர் கண்ட 1909ஆம் ஆண்டிலிருந்து காமினி இயங்கிய 1996வரை, எண்பத்தேழு ஆண்டுகள். இதனைத் தோல்வி என்பாரும் உளர். பொறுமை என்பாரும் உளர். யான் கருதுவது இதுவே: மணல் அன்றும் அங்கே கிடந்தது, இன்றும் கிடக்கின்றது. இடையில் வளர்ந்தவை பயிற்சிக்கூடங்களும், அவற்றிலே பயின்ற கைகளும். கனடா விலகியபோது இராஜஸ்தான் உலையை முடித்தவை அக்கைகளே. பாபா கடிதம் எழுதிய நாளில் அந்நாட்டில் ஓர் உலையும் இல்லை. ஆயினும் அவர் முதலிற் கேட்டது உலையன்று, மாணாக்கர் பயிலுதற்கு ஓரிடம்.