கிராம்பு மரத்தின் வரலாறும் நமது நினைவும்

நெய்ச்சோற்றிலும் பிரியாணியிலும் நாம் காணும் கிராம்பு ஒரு மலரின் மொட்டு என்பதை நம்மில் பலர் எண்ணிப் பார்ப்பதில்லை. நாவல் மரத்தின் பேரினத்தைச் சேர்ந்த, என்றும் பசுமை மாறாத மரம் அது. கொத்துக் கொத்தாய்த் தோன்றும் மொட்டுகள் பச்சை நிறம் மாறிச் சிவக்கத் தொடங்கும் வேளையில், இதழ் விரியுமுன் கையால் கொய்யப்பட்டு வெயிலில் உலர்த்தப்படுகின்றன.

இன்றைய இந்தோனேசியாவின் கிழக்கிலுள்ள மலுக்குத் தீவுக் கூட்டமே இதன் தாயகம். அதன் வடபகுதியில் தெர்னாத்தே, திதோரே, மோத்தி, மக்கியான், பச்சான் ஆகிய சிறு தீவுகளில்தான் பல நூற்றாண்டுகள் கிராம்பு விளைந்தது. ஆயினும் அதன் மணம் மரத்தை முந்திப் பயணம் செய்தது. இஸ்லாத்திற்கு முற்பட்ட அரபுக் கவிஞர் இம்ரவுல் கைஸ் தமது முஅல்லக்காவில் 'கரன்ஃபுல்' என்று அதனைக் குறிப்பிடுகிறார். 14ஆம் நூற்றாண்டில் சுமத்ரா வரை சென்ற இப்னு பதூதாவோ, கிராம்பு மரத்தின் கனியே சாதிக்காய் என்று எழுதிவிட்டார். அத்துணைப் பெரிய பயணிக்கும் அம்மரம் எட்டாத தொலைவிலேயே இருந்தது.

15ஆம் நூற்றாண்டில், வணிகத்தின் வழியே வந்த இஸ்லாத்தைத் தெர்னாத்தே, திதோரே மன்னர்கள் ஏற்றுச் சுல்தான்களாயினர். 1512இல் போர்த்துகீசியர் வந்தனர். 1570இல், சமாதானம் பேசி உடன்பாடு கண்ட தெர்னாத்தே சுல்தான் ஹைரூன், போர்த்துகீசியக் கோட்டைக்குள்ளேயே குத்திக் கொல்லப்பட்டார். அவருடைய மகன் பாபுல்லா ஐந்தாண்டுகள் கோட்டையை முற்றுகையிட்டு, 1575இல் அவர்களைத் தெர்னாத்தேயிலிருந்து வெளியேற்றினார். இந்த வெற்றியை நாம் பெருமையுடன் நினைவுகூர்கிறோம், அதில் தவறில்லை. ஆனால், கிராம்பின் கதை அங்கே முடிந்துவிடவில்லை.

அடுத்து வந்த டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி, விலை சரியாதிருக்க விளைச்சலையே சுருக்க முடிவு செய்தது. 1652இல் தெர்னாத்தே சுல்தான் மந்தர்ஷா அதற்கான ஒப்பந்தத்தில் கையொப்பமிட்டார். உள்நாட்டுக் கிளர்ச்சியில் அரியணை இழந்து, டச்சுக்காரரின் துணையால் அதனை மீட்டவர் அவர். தமது ஆட்சிப் பரப்பிலுள்ள கிராம்பு மரங்களை வெட்டி வீழ்த்த இசைந்து, அதற்கு ஈடாக ஆண்டுதோறும் பணம் பெற்றார். கிராம்புச் சாகுபடி அம்போன் தீவிலும் அதனை அடுத்த சில தீவுகளிலும் மட்டும் அனுமதிக்கப்பட்டது. 'ஹொங்கி' எனப்பட்ட படகுப் படைகள் தீவு தீவாகச் சென்று எஞ்சிய மரங்களை வெட்டின. அப்படகுகளைத் துடுப்பிட்டுச் செலுத்தக் கட்டாயப்படுத்தப்பட்டவர்களும் அம்மண்ணின் மக்களே. மரம் வளர்த்த குடியானவனுக்கு அந்த ஒப்பந்தத்தில் குரலில்லை.

ஆயினும் அந்தத் தனியுரிமை நிலைக்கவில்லை. பிரெஞ்சு நிர்வாகியான பியேர் புவாவரின் முயற்சியால் 1770இல் கிராம்புக் கன்றுகள் மொரீசியஸ் தீவை அடைந்தன. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவை கிழக்கு ஆப்பிரிக்கக் கரையை அடுத்த சான்சிபார் சென்றன. அங்கே ஓமானிய சுல்தான் சையிது பின் சுல்தான் பெருந்தோட்டங்களை ஊக்குவித்தார். 1840 அளவில் தமது தலைநகரையே மஸ்கத்திலிருந்து அங்கு மாற்றிக்கொண்டார். சான்சிபாரும் அதன் அருகிலுள்ள பெம்பாவும் உலகின் கிராம்புக் களஞ்சியமாயின. அக்களஞ்சியத்தை நிரப்பிய கைகள் ஆப்பிரிக்கப் பெருநிலத்திலிருந்து பிடித்துவரப்பட்ட அடிமைகளின் கைகள். சான்சிபாரின் அடிமைச் சந்தை 1873இல்தான் மூடப்பட்டது. அடிமைமுறை சட்டப்படி நீங்கியது 1897இல். அதுவும் ஆங்கிலேயரின் நெருக்குதலால் நேர்ந்தது. அடிமையை விடுதலை செய்வதை நற்செயலாகப் போற்றும் மார்க்கத்தவரின் ஆட்சியில் இது நடந்தது என்பதை நாம் எளிதில் கடந்து செல்லலாகாது.

ஐரோப்பியர் இழைத்த கொடுமையை எழுதும்போது நமது எழுதுகோல் விரைந்து ஓடுகிறது. மந்தர்ஷாவின் கையொப்பத்திடமும் சான்சிபார்த் தோட்டங்களிடமும் வரும்போது தயங்குகிறது. ஹைரூனுக்கு நீதி கேட்கும் நாவு, பெயரறியா அந்த அடிமைகளுக்கும் கேட்க வேண்டும். நம்மவர் செய்தது என்பதால் ஒரு தவறு சிறிதாகிவிடுவதில்லை. நம்மவருக்கு எதிராகவும் நீதிக்குச் சான்று பகர்வதே நமக்குக் கற்பிக்கப்பட்ட நெறி.

கிராம்பு நம் மண்ணிற்கும் வந்தது. 1800ஆம் ஆண்டளவில் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனி குற்றாலத்துத் தோட்டத்தில் அதனைப் பயிரிட்டது. இன்று கன்னியாகுமரி மாவட்ட மலைகளில் அது செழிக்கிறது. கன்னியாகுமரிக் கிராம்பு 2021இல் புவிசார் குறியீடும் பெற்றது. அதன் மணத்தை நுகரும்போது, வெட்டுண்ட மரங்களையும் கொய்த கைகளையும் சேர்த்தே நாம் நினைவுகூர்வோமாக.