பதவி இழந்த பேராசிரியர்

1853ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்தில் இலண்டன் கிங்ஸ் கல்லூரியின் ஆட்சிக்குழு கூடி, தன் இறையியற் பேராசிரியர் ஒருவரைப் பதவியினின்றும் நீக்கத் தீர்மானித்தது. ஒரு சொல்லுக்குத் தாம் உண்மையெனக் கண்ட பொருளை நூலில் எழுதியமையே அவர் செய்த குற்றம். பிரெடெரிக் டெனிசன் மோரிஸ் என்னும் அங்கிலிக்கன் குருவானவரே அப்பேராசிரியர்.

மோரிஸ் 1805இற் பிறந்தவர். தந்தையார் திரித்துவக் கோட்பாட்டை ஏற்காத யூனிற்றேரியன் சபையின் போதகர். தமக்கையரும் பின்னர் தாயாரும் அச்சபையை விட்டு விலகினர். ஒரு கூரையின் கீழே பல கொள்கைகள்! சமயப் பிணக்கின் துயரை அவர் இளமையிலேயே அறிந்தார். கேம்பிரிட்ஜிற் சட்டம் பயின்று தேறியும், பட்டம் பெறுவதற்கு இங்கிலாந்துத் திருச்சபையைச் சார்ந்தவன் எனக் கூற வேண்டியிருந்தமையால், பட்டமின்றியே வெளியேறினார். இலாபம் கருதி ஒரு சபையிற் சேர அவர் மனம் ஒப்பவில்லை. பின்னர்த் தாமாகவே ஆராய்ந்து தெளிந்து அச்சபையிற் சேர்ந்து, 1834இற் குருவானார்.

இனி அந்தச் சொல்லுக்கு வருவோம். ‘நித்தியம்’ என்பதே அது. முடிவில்லாத காலம் என்றே பலரும் அதற்குப் பொருள் கொண்டனர். கடவுளை அறிதலே நித்திய வாழ்வு என்று யோவானின் நற்செய்தி கூறுவதை மோரிஸ் சுட்டிக்காட்டினார். அவ்வாறாயின், கடவுளை அறியாது பிரிந்து நிற்றலே நித்திய தண்டனை. அதனை ஆண்டுக்கணக்கால் அளத்தல் பொருந்தாது என்றார். எல்லோரும் ஈடேறுவர் என அவர் அறுதியிட்டு உரைத்தாரல்லர். ஆயினும் எதிர்ப்பு மூண்டது. இறையியல் வல்லுநரைக் கொண்டு ஆராய்ந்த பின்னரே முடிவு செய்தல் வேண்டும் என்று ஆட்சிக்குழுவில் கிளாட்ஸ்ரன் கொணர்ந்த திருத்தம் தோல்வியுற்றது. 1848 முதல் கிங்ஸ்லி, லட்லோ ஆகியோருடன் சேர்ந்து அவர் கிறிஸ்தவ சமதர்மம் பேசியதும் பலருடைய கண்ணை உறுத்தியிருந்தது என்பதை மறத்தலாகாது.

அவரைக் கைவிடாதவர் தொழிலாளரே. 1854இல் இலண்டனிலே தொழிலாளர் கல்லூரி தொடங்கப்பெற்றது. மோரிஸ் அதன் முதல் அதிபரானார். பகலெல்லாம் உழைத்தவர்கள் மாலையில் வந்து பயின்றனர். புகழ்பெற்ற றஸ்கின் அங்கே சித்திரம் கற்பித்தார். தோமஸ் ஹியூஸ் குத்துச்சண்டை பழக்கினார்! பிழைப்புக்குரிய கைத்தொழிலை மட்டுமன்றி, வரலாறும் இலக்கியமும் தொழிலாளிக்கு உரியன என்று மோரிஸ் கொண்டார். பல்லாண்டு வகுப்பறையில் நின்ற எனக்கு, அவருடைய இறையியலிலும் இத்துணிபே பெரிதாகத் தோன்றுகின்றது. பெண்கல்விக்கென 1848இல் எழுந்த குவீன்ஸ் கல்லூரியும் அவர் முயற்சியால் விளைந்ததே.

1866இல் கேம்பிரிட்ஜ் அவரை ஒழுக்கவியற் பேராசிரியராக ஏற்றது. பட்டம் பெறாது இளைஞராய் நீங்கிய அதே பல்கலைக்கழகம்! அங்கே பட்டங்களுக்கும் பதவிகளுக்கும் இருந்த சமயக் கட்டுப்பாடுகள், இறையியற்றுறை நீங்கலாக, 1871ஆம் ஆண்டுச் சட்டத்தால் அகற்றப்பட்டன. அதற்கு அடுத்த ஆண்டு ஏப்பிரில் முதலாந் திகதி மோரிஸ் காலமானார். அன்றும் தொழிலாளர் கல்லூரியின் அதிபராகவே இருந்தார்.