குறிபார்க்கும் கண்ணாடி

பதுளையிலிருந்து பசறை வழியாகக் கிழக்கே செல்லும் பாதை, தேயிலைக் குன்றுகளை ஒன்றன்பின் ஒன்றாகச் சுற்றிக்கொண்டு லுணுகலையை அடைகிறது. கடைத்தெருவைக் கடந்து மேலும் சென்றால் நிலம் இறங்கத் தொடங்கும். பிபிலை வரை இறங்கியவர்க்குக் காட்சி முற்றும் மாறிவிடும். மாணாப் புல் அலையடிக்கும் வெளிகள், இடையிடையே கடுக்காய், தான்றி, நெல்லி மரங்கள், அப்பால் நில்கலைக் காடு. மேலே தேயிலைச் செடிகளுக்கும் ஓடைக்கரைப் புதர்களுக்கும் நடுவே கண்ணுக்கு எட்டுவது முப்பது அடி, மிஞ்சினால் ஐம்பது அடி. கீழே புல்வெளியிலோ 300 அடிக்கு அப்பால் நிற்கும் மான்கூட்டத்தையும் எண்ணிவிடலாம். இவ்விருவகை நிலமும் ஒரு நாட் பயணத்துள் அடங்கிவிடுகின்றன.

நேயர்களே, இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள் றைபிள் துவக்கின் மேல் பூட்டப்பெறும் தொலைநோக்கி. அதிலும் குறைந்த உருப்பெருக்கம் உடையது, அப்பெருக்கத்தை வேண்டியவாறு கூட்டவும் குறைக்கவும் இடந்தருவது, பெருஞ்செல்வர் அல்லாதாரும் வாங்கத்தக்கது ஆகிய ஒருவகை. இதற்கும் லுணுகலைக்கும் என்ன தொடர்பு என்று நீங்கள் கேட்கலாம். கிட்டப்பார்வையும் எட்டப்பார்வையும் ஒருங்கே வேண்டப்படும் நிலத்தில்தான் இக்கருவியின் தகுதியும் தகுதியின்மையும் வெளிப்படும் என்பது என் விடை. ஊவாவின் வேட்டை வரலாறே இதற்குச் சான்று.

சென்ற நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டிலே பதுளையில் உதவி அரசாங்க அதிபராகவும் மாவட்ட நீதிபதியாகவும் இருந்தவர் மேஜர் தோமஸ் வில்லியம் றொஜர்ஸ். இலங்கை றைபிள் படையைச் சேர்ந்தவர். ஊவாவில் பாதைகள் அமைப்பதில் ஊக்கங்காட்டியவர். ஆயினும் அவர் பெயர் இன்று நினைக்கப்படுவது பாதைகளால் அன்று. அவர் சுட்டு வீழ்த்திய யானைகள் 1,400க்கு மேல் என்று சேர் ஜேம்ஸ் எமர்சன் டெனன்ற் 1859இல் வெளியிட்ட தம் இலங்கை வரலாற்றில் எழுதியிருக்கிறார். 1845 ஜூன் 7ஆம் நாள் ஹப்புத்தளையில் இடிவிழுந்து றொஜர்ஸ் மாண்டார். பதுளையில் உள்ள புனித மாற்கு ஆலயம் அவர் நினைவாக எழுப்பப்பெற்றது. அங்குள்ள கல்வெட்டு அவர் வகித்த பதவிகளையும் இறந்த விதத்தையும் கூறுகிறது. யானைகளைப் பற்றி ஒரு சொல்லும் கூறவில்லை.

இத்தனை யானைகளும் எந்தக் கண்ணாடியின் துணைகொண்டு சுடப்பட்டன? ஒன்றும் இல்லை. குழலின் நுனியில் ஒரு மணி, பின்புறத்தில் ஒரு பள்ளம், அவ்வளவே. யானையை அணுகிப் பத்துப் பன்னிரண்டு கவடு தூரத்தில் நின்று நெற்றியிலே சுடுவது அக்கால வழக்கம். அதற்கு நெஞ்சுரம் வேண்டும், தப்பியோடும் விரைவு வேண்டும். குறிபார்க்கும் திறமையோ மிக மிகக் குறைவாகவே வேண்டப்படும் என்று டெனன்ற் தயங்காது எழுதினார். வேட்டைக்காரர் பலருக்கு அக்கூற்று உவந்திராது. ஆனால் கணக்கு அவர் பக்கமே நிற்கிறது. 1848க்கு முந்திய மூன்று ஆண்டுகளுக்குள் வட மாகாணத்தின் ஒரு பகுதியில் மாத்திரம், அரசாங்கம் வெகுமதி கொடுத்ததன் பயனாக, 3,500 யானைகள் கொல்லப்பட்டன என்று அவரே குறித்திருக்கிறார். அத்தனை கைகளும் தேர்ந்த கைகளாக இருந்திருக்க முடியாது.

றொஜர்ஸ் மறைந்த காலத்தையொட்டி இலங்கைக்கு வந்தவர் சாமுவேல் பேக்கர். பின்னாளில் நைல் நதியின் ஊற்றைத் தேடிப் புகழ்பெற்றவர் இவரே. நுவரெலியாவில் குடியேறிப் பண்ணை அமைத்து 1855 வரை இங்கு வாழ்ந்தார். பதுளைக்கு அப்பால் பிபிலையைச் சார்ந்த புல்வெளி நாட்டை இவர் ‘பார்க்’ என்றே அழைத்தார். ஆங்கிலப் பிரபுக்களின் சோலையை அந்நிலம் அவருக்கு நினைவூட்டியது போலும். துவக்குகளை ஒப்பிட்டு மதிப்பிடுவதில் இவரைப் போன்று அக்கறை காட்டியவர் அக்காலத்தில் அரியர். தம் ஆயுதங்களின் எடையை நூலிலே கணக்காக எழுதிவைத்தார். நாலு அவுன்சு குண்டு சுடும் ஒற்றைக்குழல் றைபிள் 21 இறாத்தல்; இரண்டு அவுன்சு குண்டுக்குரியது 16 இறாத்தல்; இரட்டைக்குழல் றைபிள்கள் நான்கு, ஒவ்வொன்றும் 15 இறாத்தல். உட்சுவரில் புரியில்லாத வழுவழுப்பான குழல்களை அவர் ஒரு பொருளாகவே மதிக்கவில்லை.

இந்த எடைகளைப் படிக்கும்போது எனக்கு ஓர் எண்ணம் எழுவதுண்டு. 21 இறாத்தல் இரும்பை மலையேறியும் ஆறு கடந்தும் சுமந்தது யார் தோள்? வேட்டைக்காரர் பின்னால் துவக்குத் தூக்கிகள் நடந்தார்கள். யானை திரும்பிப் பாயும்போது இரண்டாம் துவக்கை நீட்டுவதற்கு ஓடாமல் நிற்க வேண்டியவர்களும் அவர்களே. அவர்களுக்கு எந்த ஆலயத்திலும் கல்வெட்டு இல்லை.

பேக்கரின் முடிவுகள் இரண்டு வகை. காட்டுக்குள் யானைக்குக் கனத்த குண்டும் விரைவாகத் தோளில் பொருந்தும் துவக்கும் வேண்டும். புல்வெளியில் மானுக்குத் தொலைவில் நேராகச் செல்லும் குண்டும் நுண்ணிய குறியும் வேண்டும். ஆகவேதான் ஆறு றைபிள்களோடு பயணஞ் செய்தார். செல்வந்தர் நிலத்தின் இருதன்மைக்குப் பல துவக்குகளால் விடைகண்டார். ஒரே துவக்குடையவன் என்ன செய்வான்? இந்தக் கேள்விக்கு விடை கிடைக்க இன்னும் எண்பது ஆண்டுகள் செல்லவேண்டியிருந்தது.

துவக்கின்மேல் தொலைநோக்கியைப் பூட்டும் முயற்சி அக்காலத்திலேயே தொடங்கிவிட்டது. அமெரிக்காவில் நீண்ட பித்தளைக் குழல்கள், குழலின் நீளத்துக்குச் சமமாகவே, றைபிள்களின் மேல் பொருத்தப்பட்டன. பம்பாய்ப் படையில் பணியாற்றிய டேவிட்சன் என்னும் அதிகாரி செய்த தொலைநோக்கி துவக்கின் பக்கவாட்டில் பூட்டப்பெற்றது. அமெரிக்க உள்நாட்டுப் போரில் தென்னாட்டுப் படையினர் விற்வேர்த் றைபிள்களில் அதனைப் பயன்படுத்தினர். ஆனால் இவையெல்லாம் பார்வைப் பரப்புக் குறுகியவை. அசையாது கிடந்து, அசையாத குறியைச் சுடுவதற்கே ஏற்றவை. லுணுகலைப் பக்கத்து ஓடைக்கரையில் புதரைக் கிழித்துக்கொண்டு பாயும் காட்டுப்பன்றியை அத்தகைய குழல் வழியே தேடுபவன், மூங்கில் துளை வழியே தேரோட்டம் பார்ப்பவனை ஒப்பான்.

மாற்றம் ஐரோப்பாவிலிருந்து வந்தது. ஒஸ்திரியாவிலும் ஜேர்மனியிலும் குறுகிய, அகன்ற பார்வையுடைய கண்ணாடிகள் செய்யப்பட்டன. 1920களில் கார்ல் சைஸ் நிறுவனம் ஒரு மடங்கிலிருந்து நான்கு மடங்கு வரை பெருக்கத்தை மாற்றத்தக்க கண்ணாடியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. பேக்கர் ஆறு றைபிள்களால் செய்த காரியத்தின் ஒரு பாதியை ஒரு வளையத்தைத் திருப்புவதால் செய்துவிடலாம் என்றாயிற்று. ஆயின் விலை? அது வேட்டைப் பிரபுக்களுக்கே உரியதாயிருந்தது. விலையை உடைத்தவர் வில்லியம் வீவர் என்னும் அமெரிக்கர். 1930இல் அவர் விற்ற 330 என்னும் கண்ணாடி, ஏறத்தாழ மூன்று மடங்கு பெருக்குவது, பூட்டும் தாங்கியோடு 19 டொலர். அதன் குழல் முக்கால் அங்குலமே, அழகும் இல்லை. ஆனால் உழவனும் தொழிலாளியும் வாங்கினார்கள். குறைந்த விலைக் கண்ணாடி என்றொரு வகை உலகில் உண்டானதற்கு இவரே பெருங் காரணர் எனலாம்.

எஞ்சிய குறைகள் இரண்டு. ஒன்று ஒளி. ஒவ்வொரு வில்லையின் முகத்திலும் ஒளியின் ஒரு பங்கு தெறித்து வீணாகும்; பெருக்கத்தை மாற்றும் கண்ணாடியில் வில்லைகள் மிகுதி, ஆகவே இழப்பும் மிகுதி. சைஸ் நிறுவனத்தின் அலெக்சாண்டர் ஸ்மாக்குலா 1935இல் வில்லைமேல் மெல்லிய படலம் பூசி இவ்விழப்பைக் குறைத்தார். மற்றது ஈரம். அமெரிக்காவின் ஒறிகன் மாநிலத்து லியூபோல்ட் நிறுவனத்தார் 1947இல் குழலுக்குள் காற்றை நீக்கி நைதரசன் அடைத்து மூடினர். அக்குடும்பத்தவர் ஒருவர், கண்ணாடிக்குள் பனித்துப்போனதால் மானைத் தவறவிட்ட கோபத்தில் இதற்கு வழிகண்டார் என்று ஒரு கதையும் வழங்குகிறது. மழைக்காலத்தில் லுணுகலையில் வாழ்ந்தவர்க்கு அக்கோபம் நன்கு விளங்கும். அங்கே மூடுபனி வீட்டுக்குள் வந்து பெட்டியிலுள்ள துணியையும் நனைத்துவிடும்.

இனி, ஒரு பழைய நிகழ்ச்சியைச் சொல்லவேண்டும். நான் சிறுவனாக இருந்த தோட்டத்தில் காட்டுப்பன்றிகள் கிழங்குப் பாத்திகளைக் கிண்டி அழித்துவந்தன. காவற்காரர் ஒருவர் துவக்கோடு இரவில் சுற்றுவார். ஒருநாள் பொழுது சாயும் வேளை, மலையடிவாரத்தில் பனி இறங்கியிருந்தது. தேயிலை நிரைக்குள் கறுப்பாக, குனிந்தபடி, ஏதோ அசைந்தது. அவர் சுட்டுவிட்டார். அது விறகு பொறுக்கிக்கொண்டிருந்த ஒரு தாய். மழைக்காகத் தலையில் கறுப்புக் கம்பளி போட்டிருந்தார். சன்னங்கள் தோளிலே பாய்ந்தன, உயிர் பிழைத்தார். “பன்னின்னு நெனச்சேன் ஆத்தா, பன்னின்னு நெனச்சேன்” என்று அக்காவற்காரர் தலையில் அடித்துக்கொண்டு அழுததை லயத்து மக்கள் எல்லாரும் கேட்டோம். அதன்பின் அவர் துவக்கைத் தொட்டதில்லை.

அப்பொழுதிருந்து எந்தக் குறிபார்க்கும் கருவியையும் நான் ஒரு கேள்வியால்தான் மதிப்பிடுகிறேன். சுடுபவனுக்கு இது எதைக் காட்டுகிறது?

அந்நிலையில் பெரும் பெருக்கம் உதவாது. எத்தனை மடங்கு என்று கேட்பதே கடையில் பலர் செய்யும் பிழை. பொருள்வில்லையின் விட்டத்தைப் பெருக்கத்தால் வகுத்தால், கண்ணை வந்தடையும் ஒளிக்கற்றையின் அகலம் கிடைக்கும். 24 மில்லிமீற்றர் வில்லை நான்கு மடங்கில் 6 மில்லிமீற்றர் ஒளி தரும். எட்டு மடங்கில் 3தான். இருளிலே இளைஞனின் கண்மணி ஏறத்தாழ 7 மில்லிமீற்றர் வரை விரியும். முதுமையில் 5 அளவில் நின்றுவிடும். ஆகவே அந்தி வேளையில் பெருக்கத்தைக் கூட்டக் கூட்டக் காட்சி மங்கும். பரப்பும் சுருங்கும். 300 அடித் தொலைவில், ஒரு மடங்கிலே நூறடிக்கு மேற்பட்ட அகலம் தெரியும். நான்கு மடங்கிலே முப்பதடியும் தெரியாது. குனிந்த உருவத்துக்கு அருகே கிடக்கும் விறகுக் கட்டு அந்த வட்டத்துக்கு வெளியே போய்விடக்கூடும்.

ஒரு மடங்கு என்று எழுதியிருப்பது மெய்யாகவே ஒரு மடங்கா என்று பார்ப்பது எளிது. இரு கண்களையும் திறந்து கூரை முகட்டைப் பாருங்கள். கண்ணாடியின் விளிம்பில் கோடு முறியாமல் தொடர்ந்தால் நன்று. மலிவான கண்ணாடிகளில் கோடு சற்றே படி ஏறி இறங்கும். சிறு வேறுபாட்டைப் பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்கக்கூடாதது வேறு. துவக்கை மணல்மூட்டையில் அசையாது கிடத்திக் குறுக்குக் கம்பியை ஒரு புள்ளியில் நிறுத்திவிட்டு, பெருக்க வளையத்தைத் தாழ்விலிருந்து உச்சிவரை திருப்புங்கள். கம்பி புள்ளியைவிட்டு நகர்ந்தால் அக்கருவி பொய் சொல்கிறது. விலை எவ்வளவு குறைந்தாலும் அதை வாங்குதல் தகாது. அடுத்து, துவக்கு அசையாதிருக்கத் தலையை மட்டும் பக்கவாட்டில் அசைத்துப் பார்க்கவேண்டும். கம்பி குறியின்மேல் ஊர்வது இடமாறு எனப்படும். இவ்வகைக் கண்ணாடிகளில் பெரும்பாலும் 300 அடிக்கே அது ஒழுங்குசெய்யப்பட்டிருக்கும், கிட்டத்தில் சிறிது ஊர்தல் இயல்பே.

சுட்டுப் பார்க்கும் சோதனை ஒன்றுண்டு. ஒரு புள்ளியில் சுட்டபின், திருகியை மேலே இருபது சொடுக்கு, வலப்புறம் இருபது, கீழே இருபது, இடப்புறம் இருபது என்று மாற்றி, ஒவ்வொரு நிலையிலும் அதே புள்ளியைக் குறிவைத்துச் சுடவேண்டும். துளைகள் சதுரமாக அமைந்து, கடைசிக் குண்டு முதல் துளையின் அருகே வந்து சேருமாயின் உள்ளிருக்கும் வேலை நேர்மையானது. ஈரத்துக்கு இளஞ்சூட்டு நீரே போதும். அமிழ்த்தியதும் மூட்டுகளிலிருந்து குமிழி கிளம்பினால் லுணுகலை மூடுபனியில் ஒரு பருவமும் தாங்காது. கண்ணுக்கும் பார்வைத்துண்டுக்கும் இடையே மூன்றரை அங்குலமாவது இடைவெளி இருக்கவேண்டும். இல்லாவிடின் துவக்கின் உதைப்பு புருவத்திலே ஒரு பிறையைக் கீறிவிடும்.

ஒளிரும் குறுக்குக் கம்பி, பருத்த குழல், எட்டும் பத்தும் மடங்கான பெருக்கம் ஆகியவற்றை விலைக்காக விட்டுக்கொடுக்கலாம். குறி நிலைத்திருத்தலையும் ஈரம் புகாமையையும் விட்டுக்கொடுக்கலாகாது. இவ்விரண்டும் கடை மேசைமேல் கண்ணுக்குத் தெரியாதவை. மலிவாகச் செய்பவர் கைவைப்பதும் பெரும்பாலும் இவற்றிலேயே.

இலங்கையில் 1916ஆம் ஆண்டின் சுடுகலக் கட்டளைச் சட்டப்படி அனுமதியின்றித் துவக்கு வைத்தல் குற்றம். 1937இல் விலங்கினங்களையும் தாவரங்களையும் காப்பதற்கென வந்த கட்டளைச் சட்டமோ றொஜர்ஸின் உலகத்துக்குக் கதவடைத்தது. ஆகவே இங்கே இக்கருவியின் பயன் குறுகியதே. பயிர்காவலும் இலக்குச் சுடும் விளையாட்டுமே எஞ்சுகின்றன. பயிர்காவலர்க்கு இன்னுமொன்று. துவக்குக் கண்ணாடியால் எதையும் தேடக்கூடாது. இன்னதென்று தெரியாத உருவத்தை அதன் வழியே பார்ப்பவன், அவ்வுருவத்தை நோக்கி ஏற்கெனவே குழலை நீட்டிவிட்டான். நூறு மடங்கு தெளிவாகக் காட்டினாலும் அந்தத் தாய்க்கு எதிரே துவக்கு நின்றதுதானே! பெருக்கத்தில் சிக்கனஞ் செய்து மிச்சம் பிடித்த பணத்துக்கு ஒரு சாதாரண இருகண் தொலைநோக்கியை வாங்கிக் கழுத்தில் மாட்டிக்கொள்வதே முறை. எங்கள் தோட்டத்துக் காவற்காரரிடம் இருந்தது ஒரு துவக்கும் ஒரு ராந்தல் விளக்கும். அன்று அவர் விளக்கை இன்னும் ஏற்றியிருக்கவில்லை.