மூதாட்டியின் குரலும் சிறுமியின் உருவமும்

அசையும் சித்திரப் படங்கள் சிறுவரின் பொழுதுபோக்கிற்கே உரியவை என்றுதான் நம்மிற் பலர் எண்ணி வந்துள்ளோம். கொரிய நெறியாளர் கிம் ஜுன்-கி 2011ஆம் ஆண்டில் ஆக்கிய 'சிறுமியின் கதை' என்னும் குறும்படம் அவ்வெண்ணத்தைத் தகர்த்துவிடுகின்றது. சுங் சோ-ஊன் என்ற மூதாட்டி உயிரோடிருந்தபோது அளித்த வாக்குமூலத்தின் ஒலிப்பதிவே அப்படத்தின் குரல். அவர் 2004இல் காலமானார். திரையில் நாம் காண்பதோ இளஞ்சிறுமி. செவியிற் கேட்பதோ முதியவளின் தளர்ந்த குரல். இவ்விரண்டிற்கும் இடையிற் கிடக்கும் நீண்ட மௌனம் எவ்வாறு உண்டாயிற்று?

1910இல் கொரியாவைத் தன் பேரரசோடு இணைத்துக்கொண்ட யப்பான், போர் முற்றிய காலத்தில் அந்நாட்டு மக்களின் பெயர்களைக்கூட யப்பானியப் பெயர்களாக மாற்றுமாறு நெருக்கியது. படைக்கலம் வார்ப்பதற்காக வீட்டுப் பித்தளைக் கலங்களும் பறிக்கப்பட்டன. அவற்றைக் கொடுக்க மறுத்த சுங் சோ-ஊனின் தந்தை சிறை புகுந்தார். மகள் யப்பானிலுள்ள தொழிற்சாலைக்கு வேலைக்குச் சென்றால் தந்தை விடுவிக்கப்படுவார் என ஆசை காட்டினர். அவள் இசைந்தாள். ஆனால் போய்ச் சேர்ந்த இடம் தொழிற்சாலையன்று. யாவாத் தீவின் செமராங் நகரிலிருந்த படையினரின் பாலியற் கூடம்.

இக்கூடங்களில் அடைக்கப்பட்ட பெண்களுக்கு ஆட்சியாளர் சூட்டிய பெயரை நாம் சற்று நின்று நோக்க வேண்டும். 'ஆறுதல் மகளிர்' என்பது அதன் பொருள். யாருக்கு ஆறுதல்? மொழி கற்பிக்கும் தொழிலிலுள்ள எமக்கு, ஒரு நல்ல சொல் இவ்வளவு கொடிய வேலைக்கு அமர்த்தப்பட்டதை எண்ணுந்தோறும் மனம் கூசுகின்றது. ஐக்கிய நாடுகள் சபையின் சிறப்பு அறிக்கையாளராக விளங்கிய நம் நாட்டு ராதிகா குமாரசுவாமி 1995இல் கொரியாவிற்கும் யப்பானிற்கும் சென்று ஆராய்ந்து, 1996இல் வெளியிட்ட அறிக்கையில் இதனைப் 'படைத்துறைப் பாலியல் அடிமைத்தனம்' என்றே வரையறுத்தார். பெயர் திருந்துவதற்கே அரை நூற்றாண்டு சென்றது.

1945இல் விடுதலை வந்தது, இப்பெண்களுக்கு வரவில்லை. ஊர் திரும்பியோரைக் கற்பின் பெயரால் வாய்மூடச் செய்தது சமுதாயம். 1965இல் யப்பானோடு உடன்படிக்கை செய்த தென்கொரிய அரசு 30 கோடி டொலரை நன்கொடையாகவும் 20 கோடி டொலரைக் கடனாகவும் பெற்றுக்கொண்டது. அப்பணம் தொழில் வளர்ச்சிக்குப் பயன்பட்டது. இம்மகளிரைப் பற்றிய பேச்சே அங்கு எழவில்லை. அழைத்துச் செல்லப்பட்டோரிற் பெரும்பாலார் ஏழைக் குடியானவர் வீட்டுப் பெண்கள் என்பதை நினைவிற் கொண்டால் இதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை. 1987இன் மக்கள் எழுச்சிக்குப் பின்னர் பெண்கள் இயக்கம் வலுப்பெற்ற சூழலிலேதான், 1991 ஆகத்து 14இல் கிம் ஹக்-சூன் என்னும் 67 வயதுப் பெண்மணி தம் பெயரோடும் முகத்தோடும் பொதுமக்கள் முன் வாய் திறந்தார்.

ஏன் வரைய வேண்டும்? எஞ்சியுள்ள சில ஒளிப்படங்கள் படையினரின் கமராக்களில் எடுக்கப்பட்டவை. அப்பெண்களின் கண்கள் கண்டதைக் காட்ட ஓர் ஒளிப்படமுமில்லை. மூதாட்டியர் சிலர் சேர்ந்து வாழ்ந்த 'பகிர்வு இல்லத்'தில் இளம் ஓவிய ஆசிரியை ஒருவரின் வழிகாட்டலில் அவர்களே தூரிகை எடுத்தனர். காங் டுக்-கியுங் வரைந்த ஓர் ஓவியத்தில் செர்ரி மரம் பூத்துச் சொரிகின்றது. அடிமரத்தில் யப்பானியப் படைவீரன். மண்ணின் கீழ் மண்டையோடுகள். இரு கைகளாலும் முகத்தை மூடியபடி ஒரு சிறுமி கிடக்கின்றாள். பயிற்சி பெற்ற கலைஞர் எவரும் இத்துணை நேராகச் சொல்லத் துணிவரோ என்பது ஐயமே.

கிம் ஜுன்-கியின் படத்தில் எமக்கு ஒரு குறை தென்படுகின்றது. மாசறியாச் சிறுமியின் உருவமே யாவற்றையும் சுமக்கின்றது. அதே 2011இன் திசெம்பரில் சியோலிலுள்ள யப்பானியத் தூதரகத்தின் எதிரே நிறுவப்பட்டதும் சிறுமியின் சிலையே. முன்னரே விபசார விடுதிகளிலிருந்து அப்படைக்கூடங்களுக்குக் கொண்டுசெல்லப்பட்ட பெண்களும் உளர். அவர்கள் பட்டதும் கொடுமையே. கன்னித்தூய்மையை நீதிக்குரிய நிபந்தனையாக்கிவிட்டால், அவர்களை வாயடைத்த அதே பழைய அறத்திற்கே நாமும் பணிந்தவராவோம். எனினும் படத்தில் ஒலிக்கும் முதிய குரல் இக்குறையைப் பெரிதும் ஈடுசெய்கின்றது: அது இரக்கத்தை யாசிக்கவில்லை, நடந்ததைக் கூறுகின்றது.

இத்துறையில் முன்னோடி பியுன் யங்-ஜூ என்னும் பெண் நெறியாளரே. 1995இல் 'தாழ்ந்த குரல்' என்ற விவரணப் படத்தை வெளியிட்டார். பின்னர், புற்றுநோயால் இறந்துகொண்டிருந்த காங் டுக்-கியுங் தம் இறுதி நாட்களைப் படமாக்குமாறு தாமே கேட்டுக்கொண்டார். 1997இல் அவர் மறைந்தார். 1999இல் வெளிவந்த மூன்றாவது படத்திலோ, நெறியாளர் சற்றே ஒதுங்கிக்கொள்ள, அக்கூடங்களிலிருந்து மீண்ட லீ யொங்-சூ என்பவரே ஏனைய மூதாட்டியரின் எதிரில் அமர்ந்து கேள்வி கேட்கின்றார்.