நாம் குடியிருக்கும் குமிழி

நட்சத்திரங்களுக்கு நடுவில் என்ன இருக்கிறது? ஒன்றுமில்லை, வெறும் வெற்றிடம் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். உண்மையில் அங்கே மிக மெல்லிய வாயு இருக்கிறது, பெரும்பாலும் ஹைட்ரஜன். சராசரியாக ஒரு கன சென்டிமீட்டருக்கு ஓர் அணு. அந்த வாயுவுக்குள்ளும் ராட்சதப் பொந்துகள் உண்டு! அவற்றைக் கண்டுபிடித்த கதை சுவாரசியமானது.

ஹைட்ரஜன் 21 செ.மீ. அலைநீளத்தில் ரேடியோ அலை வெளியிடும் என்று 1944-ல் கணக்குப் போட்டுச் சொன்னவர் ஹாலந்து நாட்டு வான் டெ ஹுல்ஸ்ட். 1951-ல் ஹார்வர்டில் யூயன் என்ற ஆராய்ச்சி மாணவரும் அவருடைய பேராசிரியர் பர்செலும் அதைப் பிடித்தார்கள். கருவி? ஒட்டுப்பலகையில் செய்து ஜன்னலுக்கு வெளியே பொருத்திய ஒரு கொம்பு ஆன்டெனா. மழை பெய்தால் தண்ணீர் அதன் வழியாக ஆய்வகத்துக்குள் வந்துவிடுமாம்.

அதன்பின் வானம் முழுக்க ஹைட்ரஜன் வரைபடம் தயாரானது. 1979-ல் அமெரிக்காவின் கார்ல் ஹைல்ஸ் அந்தப் படங்களில் பெரிய பெரிய ஓடுகளைப் பட்டியலிட்டார். சில ஓடுகள் ஆயிரக்கணக்கான ஒளியாண்டு அகலம். ஒரு சூப்பர்நோவா வெடித்தால் இவ்வளவு வாயுவைத் தள்ள முடியாது. ஒரே கூட்டமாகப் பிறந்த பெரிய நட்சத்திரங்கள் அடுத்தடுத்து வெடித்தால் முடியும். 'சூப்பர் குமிழி' என்ற பெயர் இப்படி வந்ததுதான்.

அப்படி ஒரு குமிழிக்குள்தான் சூரியனும் இருக்கிறதா? 1968-ல் ராக்கெட்டில் அனுப்பிய கருவிகள் எல்லாத் திசையிலிருந்தும் மென் எக்ஸ்-கதிர் வருவதைக் காட்டின. இந்தக் கதிரை வாயு சுலபமாக விழுங்கிவிடும். எனவே அது பக்கத்திலிருந்துதான் வரவேண்டும். நம்மைச் சுற்றிப் பத்து லட்சம் டிகிரி வெப்பத்தில் ஒரு குமிழி இருக்கிறது என்று முடிவு கட்டினார்கள்.

1996-ல் வந்தது சிக்கல். ஹயாகுடாகே வால்நட்சத்திரம் எக்ஸ்-கதிர் வீசுவதை ரோசாட் செயற்கைக்கோள் பார்த்தது. பனிக்கட்டியிலிருந்து எக்ஸ்-கதிரா? சூரியக் காற்றின் அயனிகள் வாயு அணுக்களிடமிருந்து எலக்ட்ரானைப் பறிக்கும்போது அது உண்டாகிறது என்று தெரிந்தது. சூரிய மண்டலம் முழுக்க இதே வேலை நடக்கிறதே! அப்படியானால் குமிழியின் ஒளி என்று நினைத்ததெல்லாம் நம் வீட்டு முற்றத்து வெளிச்சம்தானா? குமிழி என்பதே பொய்யா?

பதினாறு வருடம் கழித்து, 2012 டிசம்பரில், டி.எக்ஸ்.எல். என்ற கருவியோடு ஒரு சிறு ராக்கெட் சில நிமிடங்கள் பறந்து இரண்டையும் பிரித்து அளந்தது. ஒரே வரவை இரண்டு தலைப்பில் பிரித்து எழுதுவது போல. 2014-ல் முடிவு வெளியானது. பால்வீதித் தளத்தின் திசையில் சூரியக் காற்றின் பங்கு சுமார் 40 சதவீதம். மீதி குமிழியுடையது. குமிழி பிழைத்தது!

2022-ல் கேத்தரின் ஸக்கர் குழுவினர் கையா விண்கலத்தின் அளவீடுகளை வைத்து அதன் வரலாற்றையே எழுதிவிட்டார்கள். வயது சுமார் 1.4 கோடி வருடம். ஊதியவை ஏறக்குறைய 15 சூப்பர்நோவாக்கள். அகலம் ஆயிரம் ஒளியாண்டு. ஓரத்தில் குவிந்த வாயுவில்தான் நம் அக்கம்பக்கத்து இளம் நட்சத்திரங்கள் பிறக்கின்றன. சூரியனோ இங்கே பிறந்ததல்ல. சுமார் 50 லட்சம் வருடம் முன்பு வழிப்போக்கனாக உள்ளே நுழைந்தது, அவ்வளவுதான்.