கேசட்டுக்குப் பொருந்தாத சட்டம்

தாயில்பட்டிக்குப் பக்கத்தில், வெம்பக்கோட்டையில் 2022இல் தொடங்கிய அகழாய்வில் சுடுமண் ஆட்டக்காய்கள் கிடைத்தன. காய் இருக்கிறது, எந்த விதிப்படி நகர்த்தினார்கள் என்பதுதான் போய்விட்டது. தொண்ணூறுகளின் டிவி கேம் கேசட்டில் நிலைமை தலைகீழ். ஆட்டத்தின் விதி முழுதும் சில்லுக்குள் பத்திரமாக இருக்கிறது, ஓட்டிக்காட்டும் பெட்டிக்குத்தான் உயிரில்லை. ‘சூப்பர் மாரியோ பிரதர்ஸ்’ மொத்தமே 40 கிலோபைட். அதைப் படித்துக் கோப்பாக்கி, பழைய கருவியைப் போலக் கணினியை நடிக்கவைக்கும் எமுலேட்டரில் போட்டால் மறுபடி ஆடலாம். இதைத் திருட்டு என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட முடியாது. சட்டம் இதற்கு வழிவிட்டிருக்கிறது. ஆனால் நம் ஊர்கள் ஆடிய ஆட்டங்கள் அந்த வழியில் நுழைய முடியாதவை.

பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவில் 1994 திருத்தம் சேர்த்த விதி, கணினி நிரலின் பிரதியை முறையாக வைத்திருப்பவர் அந்தப் பிரதியிலிருந்தே காப்புநகல் எடுக்கலாம் என்கிறது. யாரோ இணையத்தில் ஏற்றியதை இறக்கிக்கொள்வதற்கு இதில் இடமில்லை. 2012இல் வந்த 65ஏ பிரிவு, நகலெடுப்பதைத் தடுக்கும் தொழில்நுட்பப் பூட்டை உடைப்பதை உரிமைமீறும் நோக்கம் இருந்தால்தான் குற்றமாக்குகிறது. எமுலேட்டரைப் பொறுத்தவரை, சோனி நிறுவனம், எமுலேட்டர் செய்த கனெக்டிக்ஸ் மீது தொடுத்த வழக்கில் 2000இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் கனெக்டிக்ஸ் பக்கமே நின்றது. ஆட்டம் வெறும் நிரல் அல்ல, படமும் இசையும்கூட என்று ஒருவர் மறுக்கலாம், வலுவான மறுப்புதான். ஆனாலும் படத்தையும் இசையையும் சில்லிலிருந்து பிய்த்தெடுத்துவிட்டு நிரலை மட்டும் காப்பாற்று என்பது காப்புநகல் விதியையே வெறும் காகிதமாக்கிவிடும்.

சிக்கல் ‘முறையாக வைத்திருப்பவர்’ என்பதில் இருக்கிறது. 1983இல் ஜப்பானில் வந்த நின்டெண்டோ கருவி இங்கே பெரும்பாலும் ‘லிட்டில் மாஸ்டர்’ போன்ற நகல் பெட்டிகளாகத்தான் வீடுகளுக்குள் வந்தது. கேசட்டின் மேல் ‘9999 இன் 1’. உள்ளே சில ஆட்டங்களே எண் மாற்றித் திரும்பத் திரும்ப வரும். படம் வராவிட்டால் கழற்றி ஊதிச் செருகுவார்கள். ஊதிய ஈரம் முனைகளை அரித்ததுதான் மிச்சம். உரிமமில்லாத இந்தக் கேசட்டுக்குக் காப்புநகல் உரிமை கிடையாது.

கள்ளச் சரக்கைக் காத்து என்ன பயன், அசலை நிறுவனமே மறுபடி விற்குமே என்பார்கள். அமெரிக்காவில் வெளியான பழைய ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று விற்பனையில் இல்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் கண்டறிந்தது. அசலின் கதியே இது. நகல் கேசட்டில் இருக்கும் மாற்றப்பட்ட வடிவங்களை எந்த நிறுவனமும் மறுவெளியீடு செய்யப்போவதில்லை. அவற்றை ஆவணமாக வைப்பது கள்ளக்கடைக்குக் கொடுக்கும் உரிமம் ஆகாது. வணிக நோக்கமற்ற பொது நூலகம் பாதுகாப்புக்காக ஒரு படைப்பை மின்வடிவில் சேமிக்க 2012 திருத்தம் அனுமதிக்கிறது, அந்த நூலகத்திடம் அதன் டிஜிட்டல் அல்லாத பிரதி இருந்தால் மட்டும். சிவகாசியில் அச்சான காலண்டரை ஸ்கேன் செய்து வைக்கலாம். கேசட் பிறவியிலேயே டிஜிட்டல் என்பதால் அசலானாலும் வெளியே நிற்கிறது. அந்த ஒரு நிபந்தனையை நீக்கினால் எந்த நிறுவனத்தின் விற்பனையும் குறையாது. நூலகம் அந்தக் கோப்பை ஆட வெளியே கொடுக்கக் கூடாது என்று கூடவே எழுதிவிடலாம்.